கவரைத் திருப்பித் தந்துவிட்டார்கள், இனி எப்படி நன்றி சொல்வது?

தக்கலைக்குப் பக்கத்து ஊர்க்காரர் ஒருவர் மஸ்கட்டிலிருந்து ஏழு பக்கத்துக்கு எழுதியிருக்கிறார். வயது 54. அங்கே 26 வருடமாகக் கட்டட மேற்பார்வையாளர். ஆளை அடையாளம் காட்டிவிடக்கூடிய விவரங்களை மாற்றி, கடிதத்தைச் சுருக்கித் தருகிறேன்.

அவருடைய அம்மாவுக்கு 78 வயதில் புற்றுநோய் முதுகெலும்புவரை பரவியிருந்தது. திருவனந்தபுரம் ஆர்.சி.சி. புற்றுநோய் மருத்துவமனையில் பார்த்தார்கள். இனி வீட்டில் வைத்து வலி தெரியாமல் பார்த்துக்கொள்வதே நல்லது என்று மருத்துவர்கள் சொன்ன பிறகு, 11 மாதம் தங்கை வீட்டில் படுக்கையிலேயே இருந்தார். உள்ளூர் அறக்கட்டளை ஒன்றின் பாலியேட்டிவ் குழு, அதாவது தீராத நோயில் வலியையும் வேதனையையும் தணித்துப் பார்த்துக்கொள்ளும் குழு, செவ்வாய்க்கிழமைதோறும் வந்தது. சம்பளத்துக்கு வேலை பார்க்கும் ஒரு நர்ஸ், கூடவே மூன்று தன்னார்வலர்கள்: ஆட்டோ ஓட்டும் ஒரு அண்ணாச்சி, தையல் கடை வைத்திருக்கும் ஒரு பெண், இன்ஜினியரிங் படிக்கும் ஒரு பையன். படுக்கைப் புண்ணுக்கு மருந்து வைக்க உதவினார்கள், புரட்டிப் படுக்க வைத்தார்கள், மாத்திரைக் கணக்குப் பார்த்தார்கள், பேசிக்கொண்டிருந்தார்கள். அம்மா போய்விட்டார்.

நாற்பத்தொன்றாம் நாள் சாப்பாட்டுக்கு அந்த மூவரும் வந்திருந்தார்கள். நம் வாசகர் ஆளுக்கு ரூ.20,000 வைத்து மூன்று கவர் கொடுத்தார். அண்ணாச்சி கவரை அம்மா படத்துக்கு முன்னால் வைத்துவிட்டுச் சாப்பிடாமல் போய்விட்டார். தையல்காரப் பெண் "இதுக்கா அண்ணா வந்தோம்?" என்று கேட்டு அழுதுவிட்டார். பையன் வாங்கிக்கொண்டான், மறுநாள் தங்கையிடம் கொண்டுவந்து கொடுத்துவிட்டான். "கொடுத்தா வாங்கத் தெரியாத ஆணவம்" என்கிறார் மனைவி. "என் காசு தீட்டா?" என்று கேட்கிறார் வாசகர்.

அடுத்த விடுமுறையில் ஒரு திருமண மண்டபம் எடுத்து, பொன்னாடை, கேடயம், ஊர்ப் பெரிய மனிதர்கள், ஒரு அரசியல் பிரமுகர் என்று பாராட்டு விழா வைக்கத் திட்டம். அம்மா படுக்கையில் இருந்தபோது எடுத்த வீடியோக்களைத் தொகுத்துத் திரையில் போடவும், முகநூலில் போடவும் ஆசை. "அண்ணன் சும்மா இருந்தாலே போதும்" என்று தங்கை தடுக்கிறாராம். அவர் கேட்பது இவ்வளவு. விழா வைக்கலாமா? அறக்கட்டளைக்கு நானும் என் ஓமான் முதலாளியும் பணம் கொடுத்தால் சட்டச் சிக்கல் வருமா? அரசின் மக்களைத் தேடி மருத்துவம் வழியாக வந்துபோன சிஸ்டருக்கு வைத்திருக்கும் கவரையாவது கொடுக்கலாமா? கடைசியாக ஒரு வரி: "அவர்கள் கொடுத்த காற்று மெத்தை இன்னும் தங்கை வீட்டில் கிடக்கிறது, அதற்காவது விலை போட்டுக் கொடுத்துவிடவா?"

அன்பு நண்பருக்கு,

முதலில் அம்மாவுக்காக என் வருத்தம். கடிதத்தில் நீங்கள் யோசனை கேட்டுக்கொண்டே போகிறீர்கள், ஆனால் ஏழு பக்கமும் துக்கம்தான். அதைத் தனியாகச் சொல்லிவிட்டே மற்றதற்கு வருகிறேன். நான் நாகர்கோவிலில் நோயாளிகளின் குடும்பங்களுக்கு ஆலோசனை சொல்லும் வேலையில் இருப்பவள். சாவு நடந்த வீட்டில் அதற்கடுத்த ஆறு மாதத்தில் எடுக்கப்படும் பெரிய முடிவுகளில் பாதி, துக்கம் எடுத்த முடிவுகள் என்பது என் அனுபவம். மண்டபத்துக்கு முன்பணம் கொடுத்துவிட்டீர்களா என்று நீங்கள் எழுதவில்லை. கொடுக்கவில்லை என்றால் இப்போதைக்குக் கொடுக்காதீர்கள்.

கவர் ஏன் திரும்பி வந்தது

மனைவி சொன்ன ஆணவம் என்ற காரணத்தை ஓரமாக வையுங்கள். தொகை குறைவு என்று நினைத்துவிட்டார்களோ என்றும் ஒரு இடத்தில் எழுதியிருக்கிறீர்கள். அதுவும் இல்லை.

ஒரு கணக்குப் போடுவோம். 11 மாதம், வாரம் ஒருமுறை, விட்டது தொட்டது போக 45 தடவை வந்திருப்பார்கள். 20,000 ரூபாயை 45 ஆல் வகுத்தால் தடவைக்கு 444 ரூபாய். நீங்கள் அப்படிக் கணக்குப் பார்த்திருக்க மாட்டீர்கள், தெரியும். ஆனால் பணம் என்பது கைக்கு வந்ததும் தன்னைத் தானே வகுத்துக்கொள்ளும். அதுவரை 'அம்மையைப் பார்க்கப் போனோம்' என்று இருந்தது, அந்த நிமிடத்திலிருந்து '444 ரூபாய்க்குப் போனோம்' என்று ஆகிவிடுகிறது. அரை நாள் சவாரியை விட்டுவிட்டு வந்த அண்ணாச்சிக்கு அது வரவல்ல, அவர் செய்ததற்குப் போட்ட தள்ளுபடி விலை.

இதை ஆராய்ந்தும் பார்த்திருக்கிறார்கள். இஸ்ரேலில் நீசி, ருஸ்டிகினி என்ற இரண்டு பொருளாதார அறிஞர்கள் 2000-இல் வெளியிட்ட ஆய்வு ஒன்று உண்டு. வீடு வீடாகப் போய் நன்கொடை திரட்டும் பள்ளி மாணவர்களில் ஒரு குழுவுக்குக் காசு எதுவும் கிடையாது, ஒரு குழுவுக்குத் திரட்டியதில் நூற்றுக்கு ஒன்று, இன்னொன்றுக்கு நூற்றுக்குப் பத்து. அதிகம் திரட்டியது காசு வாங்காத குழு. சும்மா செய்யும் வேலைக்கும் கூலி வேலைக்கும் நடுவே ஒரு கோடு இருக்கிறது. கொஞ்சமாய்க் காசு வைத்தால் அந்தக் கோட்டுக்கு இந்தப் பக்கமும் இல்லாமல் அந்தப் பக்கமும் இல்லாமல் போய்விடுகிறது.

ஆய்வு வேண்டாம், நம் கண் முன்னால் நடந்ததைப் பார்ப்போம். 2018 வெள்ளத்தின்போது பக்கத்துத் திருவனந்தபுரம் கடற்கரையிலிருந்து மீனவர்கள் வள்ளங்களை லாரியில் ஏற்றிக்கொண்டு போய், பத்தனம்திட்டாவிலும் செங்கன்னூரிலும் ஆட்களைக் காப்பாற்றினார்கள். ஒரு வள்ளத்துக்கு நாளுக்கு ரூ.3,000 தருவதாகக் கேரள அரசு அறிவித்தது. ஆட்களைக் காப்பாற்றியதற்குக் காசு வேண்டாம் என்று மீனவர்கள் வெளிப்படையாகவே சொன்னார்கள். ஆனால் உடைந்த வள்ளத்தைச் சரிசெய்து தருகிறோம் என்றதை வரவேற்றார்கள். இந்த வித்தியாசத்தைக் கொஞ்சம் மனதில் வைத்துக்கொள்ளுங்கள், கீழே தேவைப்படும்.

இன்னொரு காரணமும் இருக்கிறது, எனக்கு அதுதான் பெரிதாகப் படுகிறது. நாற்பத்தொன்றுக்கு அந்த மூவரும் எதற்காக வந்தார்கள்? அவர்களுக்கும் அது சாவு வீடு. 11 மாதம் ஒரு உடம்பைத் தொட்டுப் புரட்டிப் படுக்க வைத்தவர்களுக்கு அந்த உடம்பு போனது சும்மா இல்லை. தன்னார்வலர்களுக்கான பயிற்சிகளில் நாங்கள் தனியாக நேரம் ஒதுக்கிப் பேசுவது இதைப் பற்றித்தான்: செத்துப்போனவரின் வீட்டாருக்கு அழ உரிமை உண்டு, இவர்களுக்கு அழ இடமே கிடையாது. துக்கக்காரர்களாக வந்து உட்கார்ந்தவர்கள் கையில் நீங்கள் கவரைக் கொடுத்தீர்கள். உங்கள் மனதில் அது நன்றி. அவர்களுக்குக் கணக்கு முடித்து அனுப்புவதுபோல் கேட்டிருக்கும். தையல்கார அக்காவின் அழுகையில் கோபம் பாதி இருந்திருக்கலாம். மீதி உங்கள் அம்மாவுக்காக.

ஆகவே உங்கள் காசு தீட்டு இல்லை. நேரம் தப்பு, வடிவம் தப்பு. இரண்டையும் சரிசெய்ய முடியும்.

சட்டமும் வரவு செலவும்

இதை வேகமாகச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இதில் குழப்பத்துக்கு இடமில்லை.

அரசு வழியாக வந்த சிஸ்டருக்கான கவரை இன்றைக்கே பிரித்துப் பணத்தை உங்கள் பையில் போட்டுக்கொள்ளுங்கள். மக்களைத் தேடி மருத்துவம் 2021 ஆகஸ்டில் தொடங்கிய அரசுத் திட்டம், படுக்கையில் இருப்பவர்களுக்கு வீட்டுக்கே வந்து நோய் ஆதரவுச் சிகிச்சை தருவது அவர்களுடைய பணி. பணிக்குச் சம்பளத்துக்கு மேல் பயனாளியிடம் பணம் வாங்கினால், 1988-ஆம் ஆண்டின் ஊழல் தடுப்புச் சட்டமும் பணி நடத்தை விதிகளும் அவர் தலையில் விழும். நல்ல மனதோடு கொடுத்தேன் என்று நீங்கள் சொல்வது அவருக்கு உதவாது. அவருக்கு உதவுவது வேறொன்று. அவர் பெயரையும் அவர் செய்ததையும் குறிப்பிட்டு வட்டார மருத்துவ அலுவலருக்கு ஒரு பக்கக் கடிதம் எழுதி, நகலை அவருக்கே கொடுங்கள். அரசு அலுவலகங்களுக்குப் புகார்க் கடிதம் நிறைய வரும். பாராட்டுக் கடிதம் வந்தால் கொஞ்ச நேரம் யாரும் நம்ப மாட்டார்கள், அப்புறம் மேசைக்கு மேசை கொண்டுபோய்க் காட்டுவார்கள்.

அறக்கட்டளைக்குக் கொடுப்பது நல்ல வழி. நீங்கள் இந்தியக் கடவுச்சீட்டு வைத்திருப்பவர் என்பதால், மஸ்கட்டில் சம்பாதித்த சொந்தப் பணத்தை வங்கி வழியாக அனுப்பினால் அது வெளிநாட்டு நன்கொடை ஒழுங்குமுறைச் சட்டப்படி வெளிநாட்டு நன்கொடை ஆகாது. கடவுச்சீட்டு நகல் கேட்டால் கொடுங்கள். உங்கள் முதலாளியின் பணம் அப்படியல்ல. அவர் ஓமான் குடிமகன், அவர் தருவது வெளிநாட்டு நன்கொடையேதான். அறக்கட்டளை அந்தச் சட்டப்படி பதிவோ முன் அனுமதியோ பெற்று, டெல்லி எஸ்.பி.ஐ. முதன்மைக் கிளையில் அதற்கென்றே கணக்கு வைத்திருந்தால் மட்டும் வாங்கலாம். "அவர் காசையும் என் கணக்கு வழியா அனுப்பிடுறேன்" என்ற குறுக்குவழி வேண்டவே வேண்டாம். நல்ல காரியத்துக்குப் போய் ஒரு சின்ன அறக்கட்டளையை மாட்டிவிட்டது போல ஆகிவிடும். வரிச் சலுகை கேட்பதாக இருந்தால் ரூ.2,000-க்கு மேல் ரொக்கமாகக் கொடுத்தது கணக்கில் வராது, ரசீதும் வேண்டும்.

எதற்காகக் கொடுக்கிறீர்கள் என்பதையும் சொல்லிக் கொடுங்கள். இங்கேதான் அந்த வள்ளக் கதை. தன்னார்வலர் என்றால் கைக்காசு செலவழிக்காதவர் என்று பலர் நினைக்கிறார்கள். அண்ணாச்சி உங்கள் வீட்டுக்கு வந்துபோனது அவர் பெட்ரோலில். பையன் வந்தது பஸ் பாஸில். கையுறை, பஞ்சு, போர்வை எல்லாம் யாரோ வாங்கியவை. 'தன்னார்வலர் போக்குவரத்துச் செலவுக்கு' என்று குறிப்பிட்டு அறக்கட்டளைக்குக் கொடுத்தால், அது கூலியாகத் தெரியாது. அண்ணாச்சி அடுத்த நோயாளி வீட்டுக்குப் போகும்போது பெட்ரோலுக்கு நிர்வாகத்திடம் கூச்சமில்லாமல் கேட்கலாம். கேட்டுப் பாருங்கள், அவரும் இதற்குச் சரி என்றே சொல்வார் என்று நினைக்கிறேன். ஆனால் ஒரு எச்சரிக்கை. தையல் கடைக்குப் போய் இருபது ஜாக்கெட் தைக்கக் கொடுத்து இரண்டு மடங்கு கூலி கொடுப்பது போன்ற தந்திரங்களைச் செய்யாதீர்கள். அந்தப் பெண் உடனே கண்டுபிடித்துவிடுவார்.

மேடை வேண்டுமா?

உங்கள் ஆசையை நான் கேலி செய்யவில்லை. அம்மாவின் பெயரை நாலு பேர் முன்னால் மரியாதையாகச் சொல்ல வேண்டும் என்று எந்த மகனுக்கும் தோன்றும். ஆனால் விழாவை அவர்கள் பக்கம் இருந்தும் பார்க்க வேண்டுமே.

என் அலமாரியில் 14 பொன்னாடைகள் இருக்கின்றன. ஒன்றைக்கூடப் போர்த்திக்கொண்டு நான் மீன் வாங்கப் போனதில்லை. கேடயங்களைப் பற்றி இன்னும் மோசமாகச் சொல்லலாம், சொல்லவில்லை. சில பேருக்கு மேடை உண்மையிலேயே பிடிக்கும், அதில் தப்பும் இல்லை. அந்தப் பையனின் அப்பா அம்மாவுக்கு மகன் மேடையில் நிற்பதைப் பார்ப்பது பெரிய விஷயமாக இருக்கலாம். அண்ணாச்சிக்கு அது தண்டனையாக இருக்கலாம். ஆகவே மூவரையும் ஒன்றாக உட்கார வைத்து "விழா வைக்கலாமா?" என்று கேட்காதீர்கள். அப்படிக் கேட்டால் மூவரும் "எதுக்கு அண்ணா அதெல்லாம்" என்பார்கள், நீங்கள் அடக்கம் என்று நினைத்துக்கொண்டு மண்டபம் பிடித்துவிடுவீர்கள். தனித்தனியாகக் கேளுங்கள். வேண்டாம் என்றால் அது வேண்டாம்தான்.

அரசியல் பிரமுகர் விஷயத்தில் மட்டும் கண்டிப்பாகச் சொல்கிறேன், கூடாது. நம் மாவட்டத்தில் இந்தக் குழுக்கள் இந்து வீடு, கிறிஸ்தவ வீடு, முஸ்லிம் வீடு, அந்தக் கட்சி வீடு, இந்தக் கட்சி வீடு என்று பார்க்காமல் உள்ளே போய் வருகிறவை. யாரோ ஒருவரோடு சேர்த்து இந்த மூன்று பேர் படத்தையும் ஃபிளெக்ஸில் போட்டால், அடுத்த மாதம் ஏதோ ஒரு வீட்டில் "ஓ, நீங்க அவங்க ஆளா" என்று கேட்பார்கள். அவர்கள் வருடக்கணக்கில் சம்பாதித்த நம்பிக்கைக்கு உங்கள் விழா செலவு வைத்துவிடும்.

வீடியோ பற்றி. அந்தக் காட்சிகளில் அம்மா எப்படி இருக்கிறார்? நைட்டி விலகியிருக்கிறதா, முடி உதிர்ந்திருக்கிறதா, ட்யூப் தெரிகிறதா? உடம்புக்கு வருமுன் அம்மா புகைப்படத்துக்கு நிற்கும்போது சேலைத் தலைப்பை இழுத்துவிட்டுக்கொள்வார் என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். அந்த அம்மாவிடம் கேட்டால் என்ன சொல்லியிருப்பார் என்று யோசியுங்கள். தன்னார்வலர்களின் முகத்தைப் போடுவதற்கும் அவர்கள் அனுமதி வேண்டும். வீடியோ குடும்பத்துக்குள் இருக்கட்டும்.

பையனுக்கு ஏதாவது உருப்படியாகச் செய்ய வேண்டும் என்றால், எத்தனை மாதம், எத்தனை வீடு, என்ன வேலை என்று விவரமாக அறக்கட்டளையிடம் ஒரு சான்று எழுதி வாங்கிக் கொடுக்கச் சொல்லுங்கள். வேலைக்குப் போகும்போது பயன்படும். 15 முதல் 35 வயதுவரை உள்ளவர்களுக்கு ஆகஸ்ட் 15 அன்று முதலமைச்சர் மாநில இளைஞர் விருது என்று ஒன்று கொடுக்கிறார்கள். அவனுக்கு விருப்பம் இருந்தால் விண்ணப்பிக்கட்டும், உங்கள் கடிதம் அதில் ஒரு இணைப்பாக இருக்கலாம். அவனைக் கேட்காமல் நீங்களே விண்ணப்பிக்கக் கூடாது.

என்னதான் சொல்வது

நம் ஊரில் 'நன்றி' என்பது மைக்குக்கு முன்னால் வரும் சொல். நோட்டீசின் கடைசி வரியில் 'நன்றியுரை' என்று இருக்கும், அதற்கு ஆள் எழுந்து நிற்கும்போது பாதிக் கூட்டம் வெளியே செருப்புத் தேடிக்கொண்டிருக்கும். வீட்டுக்குள் யாரும் யாருக்கும் நன்றி சொல்வதில்லை. சொன்னால் "என்ன, அந்நியமாக்குறியா?" என்று கேட்பார்கள். அதனால்தான் உங்களைப் போன்றவர்களுக்கு வாய் வராமல் கை பைக்குள் போகிறது. தப்பென்று சொல்ல மாட்டேன், பழக்கம் அப்படி.

நாம் நன்றியை வேறு விதமாகச் சொல்கிறவர்கள். "சாயா குடிக்காம போனா நான் பேச மாட்டேன்" என்று உங்கள் அம்மா அந்தப் பையனிடம் சொன்னதாக எழுதியிருக்கிறீர்களே, அதுதான் நம் ஊர் நன்றி. எழுந்திருக்க முடியாத மனுஷி, "வா மக்களே, முதல்ல காப்பி குடி" என்று ஒவ்வொரு செவ்வாயும் சொல்லியிருக்கிறார். அம்மா தன் பங்கு நன்றியை வாரா வாரம் சொல்லிவிட்டுத்தான் போயிருக்கிறார். நீங்கள் அடைக்க வேண்டிய பாக்கி என்று அங்கே ஒன்றும் இல்லை. உங்கள் நன்றியை மட்டும் நீங்கள் சொன்னால் போதும்.

எனக்குத் தெரிந்த ஒரு தன்னார்வலரிடம் இத்தனை வருடத்தில் எந்தப் பாராட்டு ஞாபகம் இருக்கிறது என்று ஒருமுறை கேட்டேன். அவர் சொன்னது இது. இறந்துபோன ஒரு பெரியவரின் மருமகள், மாதங்கள் கழித்துச் சந்தையில் பார்த்தபோது, "நீங்க கால் நகம் வெட்டிவிட்ட அன்னைக்குத்தான் மாமா ராத்திரி முழுக்கத் தூங்கினாரு" என்றாராம். அவ்வளவுதான். 'தன்னலமற்ற சேவை' என்று எழுதிய சான்றிதழ்கள் எல்லாம் எங்கே இருக்கின்றன என்று அவருக்குத் தெரியவில்லை. நகம் ஞாபகம் இருக்கிறது.

உங்களிடம் நகங்கள் நிறைய இருக்கின்றன. அதைக் கவனிக்காமல் கடிதம் முழுக்க அள்ளி இறைத்திருக்கிறீர்கள். கையைத் தூக்க முடியாத அம்மாவுக்கு முன்பக்கம் திறக்கிற மாதிரி நாலு நைட்டி, ஒருவரும் கேட்காமலேயே, அந்த அக்கா தைத்துக் கொண்டுவந்தது. படுத்த நிலையிலேயே உங்கள் முகம் தெரியும்படி பையன் கட்டில் கம்பியில் ஃபோனைக் கட்டிவைத்தது, அதன்பின் அம்மா உங்களோடு அரை மணி நேரம் பேசத் தொடங்கியது. அண்ணாச்சி பேப்பரில் மரண அறிவிப்புப் பக்கத்தை மட்டும் விட்டுவிட்டு வாசிப்பது, அம்மா அதைக் கண்டுபிடித்து "அதையும் வாசிங்க, யாரு போனான்னு தெரியணும்லா" என்று கேட்டது. நான் சிரித்துவிட்டேன்.

இவற்றை எழுதுங்கள். ஆளுக்கு ஒரு கடிதம், கையால், ஒரு பக்கம். 'சேவை', 'தியாகம்', 'தெய்வம்' என்ற சொற்கள் இல்லாமல். நீங்கள் செய்த இன்ன காரியத்தால் அம்மாவுக்கு இன்னது ஆனது, எனக்கு இன்னது ஆனது என்று. அதோடு நாற்பத்தொன்றாம் நாளைப் பற்றி ஒரு வரி: "அன்றைக்கு எனக்குச் சொல்லத் தெரியவில்லை, கவரைக் கொடுத்துவிட்டேன், மனதில் வைத்துக்கொள்ளாதீர்கள்." அதற்கு மேல் விளக்கம் வேண்டாம்.

ஏழு பக்கம் எனக்கு எழுத முடிந்த ஆளுக்கு, அவர்களுக்கு ஒரு பக்கம் எழுதக் கூச்சமாக இருக்கும். எல்லோருக்கும் அப்படித்தான். அமித் குமார், நிக்கோலஸ் எப்லி என்ற இரண்டு உளவியல் ஆய்வாளர்கள் 2018-இல் வெளியிட்ட ஆய்வில், நன்றிக் கடிதம் எழுதியவர்கள் வாங்குகிறவருக்குச் சங்கடமாக இருக்கும் என்று அளவுக்கு மேல் பயந்தார்கள். வாங்கியவர்களோ அவர்கள் எதிர்பார்த்ததைவிட அதிகமாகச் சந்தோஷப்பட்டார்கள். எழுத்து நன்றாக இல்லையே என்ற கவலை எழுதியவருக்குத்தான் அதிகம் இருந்தது.

தங்கை

இதை நீங்கள் கேட்கவில்லை. கேட்காததைச் சொல்வதற்கு மன்னிக்க வேண்டும்.

உங்கள் கடிதத்தில் தங்கை நான்கு இடத்தில் வருகிறார். 'அம்மா தங்கை வீட்டில் இருந்தார்' என்று ஒருமுறை. பையன் கவரைத் திருப்பிக் கொடுத்தது அவரிடம் என்று ஒருமுறை. விழாவுக்குத் தடை சொல்கிறார் என்று ஒருமுறை. காற்று மெத்தை கிடப்பது அவர் வீட்டில் என்று ஒருமுறை. ஆட்டோ அண்ணாச்சியின் மூக்குக்கண்ணாடியைப் பற்றிக்கூட இரண்டு வரி இருக்கிறது, தங்கை அந்த 11 மாதம் என்ன செய்தார் என்று ஒரு வரி இல்லை.

குழு வாரத்துக்கு ஒன்றரை மணி நேரம் வந்தது என்று வைத்துக்கொள்வோம். ஒரு வாரத்தில் 168 மணி நேரம். மீதி 166-க்கும் சொச்சத்துக்கு யார் இருந்தார்கள்? இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை புரட்டிப் போட்டது, படுக்கையை மாற்றியது, வலி மாத்திரைக்கு அலாரம் வைத்து எழுந்தது யார்? அவர் மண்டபத்தில் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்து, அண்ணன் மூன்று பேருக்குப் பொன்னாடை போர்த்துவதைப் பார்க்க வேண்டும் என்பதுதானே உங்கள் திட்டம்? அந்த மூவருமே நெளிவார்கள். உண்மையில் அங்கே யார் என்ன செய்தார் என்பது அவர்களுக்குத்தான் நன்றாகத் தெரியும்.

"சும்மா இருந்தாலே போதும்" என்று அவர் சொன்னதற்கு இதுதான் காரணம் என்று நான் அடித்துச் சொல்ல மாட்டேன். வெறும் களைப்பாக இருக்கலாம். இன்னொரு கூட்டத்துக்குச் சோறு பொங்கவும் வந்தவர்களைக் கவனிக்கவும் தெம்பில்லாமல் இருக்கலாம். கேட்டால்தான் தெரியும். ஆனால் அவருக்கும் ஒரு கவர், ஒரு பட்டுச்சேலை, ஒரு சங்கிலி என்று ஆரம்பித்துவிடாதீர்கள். அம்மாவின் வீடு, பாகம் என்ற பேச்சையும் அன்றைக்கு எடுக்காதீர்கள். ஊருக்கு வந்ததும் ஒரு சாயங்காலம் அவர் வீட்டில் உட்கார்ந்து, "ராத்திரியெல்லாம் எப்படி இருந்தது?" என்று மட்டும் கேளுங்கள். அவர் சொல்லச் சொல்ல, நடுவில் "நான் அங்கே கஷ்டப்பட்டதும்..." என்று உங்கள் கதையை ஆரம்பிக்காமல், கேட்டுக்கொண்டிருங்கள். இது கடினம். 26 வருடம் வெளிநாட்டில் இருந்த மகனுக்கு, கூட இல்லாமல் போனோமே என்ற குத்தல் உள்ளே இருக்கும், அதை நியாயப்படுத்த வாய் துடிக்கும். அந்த 11 மாத மருந்துச் செலவு உங்கள் சம்பளத்தில்தான் போயிற்று என்பது தங்கைக்குத் தெரியும், அதைச் சொல்லிக்காட்ட வேண்டியதில்லை. உங்கள் பாரத்தை இறக்கிவைக்க என்னிடம் வாருங்கள், இல்லை மஸ்கட்டில் நம்பிக்கையான ஒருவரிடம் பேசுங்கள். தங்கையிடம் அன்றைக்கு வேண்டாம்.

ஊருக்கு நிரந்தரமாக வந்த பிறகு நானும் தன்னார்வலராகச் சேரட்டுமா என்று ஓரத்தில் எழுதி அடித்திருக்கிறீர்கள். அடித்தது எனக்குத் தெரிந்துவிட்டது. சேரலாம். இந்த மாதிரிக் குழுக்கள் கேரளத்தில் 1993-இல் கோழிக்கோட்டில் தொடங்கி இவ்வளவு தூரம் பரவியதே, அக்கம்பக்கத்தார் கொஞ்சம் பயிற்சி எடுத்துக்கொண்டு வந்து நின்றதால்தான். ஆனால் உடனே வேண்டாம். துக்கம் ஆறாதவரை இன்னொருவரின் அம்மாவைப் பார்க்கும்போது உங்கள் அம்மாவையே பார்த்துக்கொண்டிருப்பீர்கள், அது அந்த நோயாளிக்கு நியாயமில்லை. ஒரு வருடம் போகட்டும்.

கடைசியாக அந்தக் காற்று மெத்தை. அதற்கு விலை போடாதீர்கள், அது விற்கிற பொருள் இல்லை. ஒரு வீட்டில் வேலை முடிந்ததும் அடுத்த வீட்டுக்குப் போக வேண்டியது, இப்போதே அதற்காக யாராவது காத்திருக்கக்கூடும். நீங்கள் வந்த முதல் வாரத்திலேயே தங்கையும் நீங்களுமாகச் சோப்புத் தண்ணீர் போட்டுக் கழுவி, நிழலில் காய வைத்து, மோட்டாரும் குழாயும் சரியாக இருக்கிறதா என்று ஒருமுறை காற்றடித்துப் பாருங்கள். அப்புறம் அண்ணாச்சிக்கு ஃபோன் போட்டு, அறக்கட்டளைவரை ஒரு சவாரி வர முடியுமா என்று கேளுங்கள். மெத்தையை மடியில் வைத்துக்கொண்டு அவர் வண்டியில் போங்கள். இறங்கும்போது என்ன வாடகை என்று கேட்டு, அவர் சொன்னதைக் கொடுங்கள். அதை வாங்கிக்கொள்வார்.